கர்ப்பிணியின் கண்

அப்பாவின் உடலைத் தூளிப் படுக்கையிலிருந்து இறக்கிப் பலகையில் கிடத்துவதற்குள் மந்திரக்காரர் அல்டெமிரோ தீர்ப்புச் சொல்லிவிட்டார்: மாசமாயிருக்கிற எவளோ பார்த்திருக்கிறாள். பாம்பு கடித்தவன்மேல் கர்ப்பிணியின் கண் பட்டால் விஷம் இறங்காது என்பது ஜூருவா ஆற்றங்கரையில் பால்குடிப் பிள்ளைக்கும் தெரியும். யாராவது செத்துப்போனதற்கு அல்டெமிரோவின் மருந்து காரணமாக இருந்ததாகச் சரித்திரமே இல்லை.

மகள் ஜுல்மிரா கால்மாட்டில் நின்றிருந்தாள். அவளுக்கு மூன்று மாதம். காரணமான படகோட்டி படகை எடுத்துக்கொண்டு போய்விட்டான். வீட்டில் யாருக்கும் தெரியாது.

நகரத்து டாக்டரின் ஆராய்ச்சிக்காக வீடு வீடாகப் போய், யாரை எந்தப் பாம்பு கடித்தது, என்ன செய்தார்கள் என்று எழுதி வருகிறவள் அவள். கர்ப்பிணிகளை முதலில் விரட்டினோம் என்று நாற்பது வீட்டிலும் சொன்னார்கள். டாக்டர் சிரித்தார். சம்பளம் வாங்குகிறவள் என்பதால் அவளும் சிரித்தாள்.

நேற்றுக் காலை மரவள்ளித் தோட்டத்தில் விரியன் அப்பாவைக் கடித்தது. அல்டெமிரோ வாசலை மறித்துக்கொண்டு கேட்டார்.

"வீட்டுல மாசமா யாராச்சும் இருக்காங்களா?"

அம்மாதான் சொன்னாள்.

"யாரும் இல்ல. சந்தேகம்னா உங்க வீட்டுல போய்க் கேளுங்க."

அதன்பிறகு அப்பா மகளின் கையை விடவே இல்லை. ஈறில் கசிந்த ரத்தத்தை அவள் துடைத்துக்கொண்டே இருந்தாள்.

விஷமுறிவு மருந்தோடு டாக்டர் வந்தபோது அப்பா அடங்கி ஒரு மணி நேரமாகியிருந்தது. படகு டீசலுக்குக் கையெழுத்துப் போடவேண்டியவர் ஊரில் இல்லையாம். டாக்டர் தொப்பியைக் கழற்றி வருத்தம் தெரிவித்தார். தொப்பியை மாட்டிக்கொண்டு, பாம்பு எவ்வளவு நீளம் என்று விசாரித்தார்.

"நேத்தே மருந்து வந்திருந்தா பொழச்சிருப்பாரா, டாக்டர்?"

"தொண்ணூறு சதவீதம்."

மீதிப் பத்தை அவள் தன் கணக்கில் எழுதிக்கொண்டாள்.

வெளியே அல்டெமிரோ இன்னும் பேசிக்கொண்டிருந்தார். துக்கத்துக்கு வந்த பெண்கள் ஒருத்தி வயிற்றை ஒருத்தி அளந்தார்கள். புதிதாகக் கல்யாணமான ஒருத்தி, தான் ஆற்றுக்கு அந்தப் பக்கம் இருந்ததாக யாரும் கேட்காமலே சாட்சி சொன்னாள்.

அம்மா எல்லாருக்கும் காப்பி கொடுத்துக்கொண்டு வந்தாள். ஜுல்மிராவைத் தாண்டிப் போனவள், அடுப்படியிலிருந்து மாவுக்கஞ்சியோடு திரும்பினாள்.

"காப்பி வேணாம். ரெண்டு மாசமா குடிச்சதெல்லாம் வாந்திதான எடுக்கற. இதக் குடி."

ஜுல்மிரா நிமிர்ந்து பார்த்தாள்.

"உங்கப்பா மொதல்ல இருந்தே உன்னத்தான் கேட்டாரு," என்றாள் அம்மா. "எப்படி வெளிய நிறுத்தறது?"

அல்டெமிரோவின் கோப்பையில் இன்னொரு கரண்டி சர்க்கரை போட்டுக் கலக்கி, அவரிடம் எடுத்துக்கொண்டு போனாள்.