மரிய கிரேசி என்ற தோணி

மரிய கிரேசி தோணியை விற்ற அன்று தூத்துக்குடிக் கரையில் இருந்தவர்கள் ஹென்றி மச்சாது, அவருடைய தோணியை ஓட்டிவந்த தண்டல் பொன்னுதுரை, தரகர் தேவதாசன், சாட்சிக்கு வந்த காயல்பட்டினத்து மூஸா மரைக்காயர், தோணியை வாங்க வந்த சினிமா நடிகை டி. கனகவேணி. இந்த ஐந்து பேர்தான். தாங்களும் பக்கத்தில் நின்று கேட்டதாகப் பின்னாளில் சொல்லித் திரிந்தவர்கள் எவரும் அங்கே இல்லை.

யுத்தம் முடிந்த மறு வருடம் அது. கொழும்புக்குச் சரக்கு ஏற்றும் தொழில் படுத்துவிட்டது. மச்சாது வீட்டுத் தோணிகளில் மிஞ்சியது இது ஒன்றுதான். வாங்குகிறவர் யார் என்று கேட்டபோதெல்லாம் தேவதாசன் 'மெட்ராஸ் உப்புக் கம்பெனி' என்றே சொல்லிவந்தார். காரிலிருந்து இறங்கியவளைக் கண்டதும் ஹென்றியின் முதுகு இன்னும் கொஞ்சம் நிமிர்ந்தது.

அவள் அவர் தங்கை கிரேசி. பன்னிரண்டு வருடங்களுக்கு முன்னால் நாடகக் கம்பெனியோடு போனவள். மெட்ராஸில் அத்தை வீட்டுக்குப் போன இடத்தில் காலராவில் செத்தாள், அங்கேயே அடக்கம் செய்துவிட்டார்கள் என்று அப்பா ஊருக்குச் சொன்னார். பூசை வைத்தார். ஊர்க் கல்லறைத் தோட்டத்தில் அவள் பெயர் வெட்டிய கல் ஒன்றையும் நட்டார். சாகும்போது ஹென்றியின் கையைப் பிடித்துக்கொண்டு, "அந்தக் கல்லு நிக்கணும்லே" என்று மட்டும் சொன்னார். வீட்டில் ஹென்றியின் பெண்மக்கள் வளர்ந்துகொண்டிருந்தார்கள். கல் நின்றது.

சுவரொட்டியில் 'டி. கனகவேணி' என்று வந்தபோது, அந்த 'டி' டூட்டிகொரின், அதாவது தூத்துக்குடி என்பது ஹென்றிக்கு மட்டும் புரிந்தது. பவுடரும் கிரீடமுமாய்த் திரையில் அவளைப் பார்த்தவர்களுக்கு, முக்காடிட்டு மாதா கோயிலுக்குப் போய்வந்த பெண் ஞாபகத்துக்கு வரவில்லை. யுத்தத்தில் பிலிம் கிடைக்காமல் ஸ்டுடியோக்கள் ஓய்ந்தபோது அவள் உப்பு வியாபாரத்தில் இறங்கினாள். உப்பை ஏற்றத் தோணிக்காரர்களிடம் கெஞ்சிச் சலித்து, இப்போது தோணியே வாங்க வந்துவிட்டாள்.

துறைப் படியிறங்கியவள் குனிந்து கடலில் விரலை நனைத்து நெற்றியில் வைத்தாள். பிறகு நாக்கில் வைத்தாள். தோணியில் ஏறுமுன் மச்சாது வீட்டார் மட்டும் செய்வது அது. பொன்னுதுரை முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

மூஸா சிரித்தார். "பாத்தியளா தேவதாசண்ணே, உப்புக் கம்பெனி அம்மா கடலையே ருசி பாத்துத்தான் வாங்குறாங்க."

"கரிப்பு அப்படியேதான் இருக்கு" என்றாள் அவள்.

ஹென்றி தொண்டையைச் செருமினார். "ஒரு விசயம். தோணியில இருக்க பேரைச் சுரண்டிரணும். அது எங்க வீட்டுப் பேரு."

"யாரோட பேருங்க?"

"என் தங்கச்சி பேரு. அவ பொறந்த வருசம் எங்க அப்பா கட்டின தோணி. அவ செத்துப்போயிட்டா."

"அடடா. எப்படி?"

"காலராம்மா" என்றார் தேவதாசன். "தங்கமான புள்ள."

"தங்கமான புள்ளைகளைத்தான் அது தேடி வரும்." அவள் ஹென்றியை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. "சரி, சுரண்டிருவோம். இங்கன நான் சுரண்டுதேன். கல்லறையில நீங்க சுரண்டுங்க."

மெட்ராஸ் பேச்சு அந்த இடத்தில் கழன்று விழுந்தது.

"இது என்ன கூத்து?" என்றார் மூஸா. "கல்லறைக்கும் கிரயத்துக்கும் என்ன வெவகாரம்?"

"செத்தவ பேரை ஒரு எடத்துல அழிச்சு ஒரு எடத்துல விட்டா ஆவாது மரைக்காயரே. சினிமாக்காரி, ராசி பாப்பேன்."

ஹென்றி 'சரி' என்று ஒரு சொல் சொன்னால் போதும், தோணியில் பெயர் போய்விடும். ஆனால் அந்தக் கல்லைத் தொட்டால், அதன் முன்னால் இத்தனை வருடமாக மெழுகுவர்த்தி ஏற்றியவர்கள் காரணம் கேட்பார்கள். தொடாவிட்டால் தோணி ஒவ்வொரு நடையும் அந்தப் பெயரோடு ஊர்க் கண்முன்னால் வந்து நிற்கும்.

"கல்லு எங்க அப்பா நட்டது. அது நிக்கும்."

"அப்பொ பேரும் நிக்கட்டும்."

தோணி கைமாறியதற்கு அடையாளமாக அவர் சுக்கான் பிடியை அவளிடம் ஒப்படைத்தார். இரண்டு கைகளாலும் வாங்கிக்கொண்டாள். விரல்கள் படவில்லை.

"நல்லா ஓடட்டும்மா" என்றார், வாங்குகிற எவருக்கும் சொல்வதுபோல.

"உங்க வீட்டுல எல்லாரும் சொகமா?"

"சொகம்."

"சந்தோசங்க."

பொன்னுதுரை துண்டை உதறித் தோளில் போட்டார். "தோணி எங்கனயோ, தண்டலும் அங்கனதான் அண்ணாச்சி" என்று சொல்லிவிட்டு அவள் பக்கம் போய் நின்றார். அப்பா காலத்து ஆள்.

நாலைந்து நடை ஓடியபின் ஊர் வாயைத் திறந்தது: அந்த நடிகைதான் கிரேசி, அதனால்தான் பெயரை அழிக்கவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வரும்போது தேவதாசன் நேராகவே கேட்டுவிட்டார். ஹென்றி குடையை ஊன்றி நின்றார்.

"செத்தவ பேரை ஒரு எடத்துல மட்டும் அழிச்சா ஆவாதுன்னு ராசி பாத்து விட்டுட்டாங்க, அது உமக்கும் கேட்டுச்சே. அந்த அம்மா யாரோ மெட்ராஸ்காரங்க. என் தங்கச்சி செத்துப் பன்னெண்டு வருசமாச்சு. சந்தேகம்னா கல்லறையில போய்க் கல்லைப் பாரும்."