பெயர் கூப்பிடும் நாள்

பெயர் கூப்பிட்டால் எழும்பி நின்று "பிறசன்ற் சேர்" என்று சொல்லவேண்டும். அவ்வளவுதான். அதற்காக ஒரு கிழமை என் கணவரோடு மாரடித்தேன். சோறு போடும்போது திடீரென்று "சூசைதாசன்" என்பேன். சிலநேரம் எழும்புவார். சிலநேரம், "அது ஆர்?" என்று என்னையே கேட்பார்.

இவர் கூட்டுத்தாபனத்தில் முப்பத்திநாலு வருடம் கிளாக்கர். பணிக்கொடையைக் கொடுங்கள் என்று நீதிமன்றம் தீர்ப்புச் சொல்லியே மூன்று வருடம். கொடுக்கவில்லை. ஏன் கொடுக்கவில்லை என்று திரும்பவும் வழக்குப் போட்டால், வழக்குப் போட்ட பழைய ஊழியர் பட்டியலில் பாதிப் பேர் உயிரோடு இல்லை என்கிறது கூட்டுத்தாபனம். அப்படியென்றால் இருக்கிறவர்கள் எல்லாரும் நேரில் வரட்டும் என்றார் நீதிபதி. நாசமாய்ப் போக, இவருக்கு மறதி முற்றிய நேரம் பார்த்து.

"அன்ரி, அங்கிள் தடுமாறினாரெண்டா அவையின்ர லோயர் விடமாட்டார்," என்று எங்கள் வழக்கறிஞர் அனுஷியா முதலே சொல்லியிருந்தாள். "புத்தி சரியில்லையெண்டு பேரைத் தனியாப் பிரிச்சுப் போடுவினம். பிறகு அதுக்கு வேற வழக்கு, வேற வருஷங்கள்."

இவருக்கு எழுபத்தெட்டு. வேறு வருடங்களுக்கு நான் எங்கே போவேன்?

கொட்டாஞ்சேனையிலிருந்து திரீவீலில் புதுக்கடை நீதிமன்றத்துக்குப் போய்ச் சேரும்வரை அந்தோனியாரை விடாமல் கூப்பிட்டேன். இவரோ ஷேர்ட் பொக்கற்றில் பேனையைக் குத்திக்கொண்டு, வேலைக்குப் போகிற சந்தோஷத்தில் இருந்தார். அதைப் பார்க்க இன்னும் பயமாக இருந்தது.

பெயர்கள் தொடங்கின. ஒவ்வொரு பெயருக்கும் ஒரு நரைத்த தலை எழும்பியது. என் கை வேர்த்துச் சேலைத் தலைப்பே ஈரமாகிவிட்டது.

"ஒஸ்வால்ட்."

ஒஸ்வால்ட் இவருடைய பக்கத்து மேசைக்காரர். செத்து இரண்டு வருடம். அவருடைய மனைவி கொன்ஸ்ரன்ஸ் மரணச் சான்றிதழோடு முன்வாங்கிலிருந்து எழும்புவதற்குள், என் பக்கத்தில் இவர் எழும்பிவிட்டார்.

"பிறசன்ற் சேர்."

நான் ஷேர்ட்டைப் பிடித்து இழுத்தேன். கூட்டுத்தாபன வழக்கறிஞர் சிரித்தார். நீதிபதி கண்ணாடியைக் கழற்றி, நீங்கள்தான் ஒஸ்வால்டா என்று சிங்களத்தில் கேட்டார்.

இவர் குரலைத் தாழ்த்தி, நல்ல சிங்களத்திலேயே சொன்னார்: ஒஸ்வால்ட் ராகமையிலிருந்து வருகிறவன், ரெயின் பிந்திவிட்டது, இப்போது வந்துவிடுவான், வரவுப் புத்தகத்தில் சிவப்புக் கோடு போட்டுவிடாதீர்கள்.

கந்தோருக்குப் பிந்தி வருகிறவர்களின் பெயருக்குக் கீழே போடுகிற கோடு அது. எத்தனை வருடம் அந்த மனிதனுக்காக இவர் இப்படிப் பதில் சொன்னாரோ, எனக்கு அன்றைக்குத்தான் தெரியும்.

கொன்ஸ்ரன்ஸ் அழத் தொடங்கினாள். அடுத்த பெயர் வந்தது.

"சூசைதாசன்."

கிள்ளினேன். முழங்கையால் இடித்தேன். "இஞ்சேருங்கோ, உங்களைத்தான்."

"நான் அப்பவே சொல்லிப்போட்டன்," என்று என்னை அதட்டினார்.

அனுஷியா எழும்பி என்னென்னவோ சொல்லிப் பார்த்தாள். நீதிபதி இரக்கத்தோடுதான் கேட்டார். ஆனாலும் இவருடைய பெயரைத் தனியாகப் பிரிக்கச் சொன்னார். பதிவாளர் எங்களைத் தன் மேசைக்குக் கூப்பிட்டு, பட்டியலை இழுத்து, இவருடைய பெயருக்குக் கீழே சிவப்புப் பேனையால் ஒரு கோடு போட்டார்.

இவர் அதைக் கண்டுவிட்டார். முகம் செத்துப்போனது. என் கையைத் தேடிப் பிடித்தார்.

"பிறிஜெற், நாங்கள் நேரத்துக்கு வந்தனாங்கள்தானே?"

"ஓம்," என்றேன். "நேரத்துக்குத்தான் வந்தனாங்கள்."