ரீங்கார மண்டபத்தில் அரைமணி

1964, மாசி மாதத்து முதல் ஞாயிறு. என் கணவரும் நானும் சூரியன் மறைந்த பிறகு புளிசாதம் சாப்பிட்டுவிட்டோம். நாங்கள் நயினார்கள், தமிழ்ச் சமணர்கள். பொழுது சாய்ந்தால் ஒரு பருக்கையும் தொடமாட்டோம். செஞ்சிக் கடைத்தெருவில் கடிகாரம் பழுதுபார்க்கும் என் கணவர் விருஷபதாஸ், கையில் கடிகாரம் கட்டிக்கொண்டே இந்தத் தவற்றைச் செய்தார் என்றால் யார் நம்புவார்கள்?

அன்று கோட்டைக்கு நடக்கப் போயிருந்தோம். ராஜகிரியின் பின்சரிவில் சப்பாத்திக்கள்ளி மூடிய ஒரு வாசல். உள்ளே வளைந்து போகும் குறுகிய வழி. முடிவில் குவிந்த கூரையோடு ஒரு சின்ன மண்டபம். நடுவில் ஒருவர் உட்காரும் கல்மேடை. அதில் உட்கார்ந்தால் நான்கு தூண்கள் கைக்கெட்டும்.

நான் விளையாட்டாக ஒரு புளியங்குச்சியால் தட்டினேன். நான்கும் நான்கு சுரம். ஒன்று ஓய்வதற்குள் அடுத்ததைத் தட்டினால் மண்டபமே தேன்கூடு போல இரைந்தது. தட்டிக்கொண்டே சாப்பிட்டோம். உள்ளே போனபோது மணி நாலு. அவர் கடிகாரம் நாலேகால் காட்டியபோது வெளியே வந்தோம். வானம் முழுக்க நட்சத்திரம்.

“வாட்ச் நின்னு போச்சா?”

“நான் பாத்த வாட்ச் நிக்குமாடி? காதுல வச்சுக் கேளு, ஓடுது.”

“அப்போ சூரியன்தான் ரிப்பேர். அதையும் பிரிச்சிப் பாருங்க.”

அவர் சிரிக்கவில்லை. மறுநாளே இரண்டு அலாரம் கடிகாரங்களோடு வந்தார். ஒன்று வெளியே பாறைமேல், ஒன்று உள்ளே மேடைமேல். நான் தட்டினேன். வெளியே ஒரு மணி நேரம் ஓடியபோது உள்ளே ஐந்தே நிமிடம். ரீங்காரம் ஓய்ந்ததும் இரண்டும் ஒன்றாக ஓடின. நாற்பது வயது மனிதர் பாறைமேல் நின்று குதித்தார்.

“கட்னவன் பெரிய வாட்ச்காரன், ஜெயமாலா! எதிரி வந்து முற்றுகை போட்டா, ராஜா உள்ள உக்காந்து நாலு ஆட்டம் தாயம் ஆடிட்டு வருவான். வெளிய எதிரி சோறில்லாம ஓடிப்போயிருப்பான்!”

“ராஜா தாயம் ஆடுவான். தூண யாரு தட்றது? ராணிதான?”

மூன்றாவது முறை போனது மாசி அமாவாசை அன்று. ஊரே அம்மன் திருவிழாவுக்கு மேல்மலையனூர் போயிருந்தது. நடுப்பகல். வாசல் கல்லில் கால் வைத்தேன். புதரிலிருந்து நாகம் கணுக்காலில் கொத்திவிட்டு நழுவியது.

அவர் மேல்துண்டைக் கிழித்துக் காலில் கட்டினார். என்னைத் தூக்கிக்கொண்டு மலை இறங்கவே ஒரு மணி நேரம் ஆகும். விஷத்துக்கான ஊசி திண்டிவனத்தில்தான் கிடைக்கும். பஸ்கள் எல்லாம் திருவிழாவுக்குத் திருப்பப்பட்டிருந்தன. அவ்வளவு நேரம் என் உயிர் தாங்காது என்று இருவருக்கும் தெரிந்தது.

“என்னை உள்ள உக்கார வைங்க,” என்றேன். “நான் தட்டிக்கினே இருக்கறேன். நீங்க ஓடுங்க.”

அவருக்கு உடனே புரிந்தது. மேடையில் உட்காரவைத்து, கொண்டுவந்திருந்த அலாரம் கடிகாரத்தையும் பக்கத்தில் வைத்தார்.

“ஓயக் கூடாதுடி. ஓயவே கூடாது.”

தட்டினேன். ஓடிய அவர் காலடிச் சத்தம், வளைவைத் தாண்டியதும் கொசுவின் கீச்சொலியாக உயர்ந்து மறைந்தது. வழியின் வளைவில் விழுந்திருந்த வெயில் பட்டை, பல்லி போலச் சுவரில் ஊர்ந்தது. கண்ணெதிரே பகல் நகர்ந்துகொண்டிருந்தது! பயத்தையும் மீறி எனக்கு மெய்சிலிர்த்தது. செஞ்சியில் அத்தனை பேருக்கும் அது ஒரு நீண்ட மதியம். எனக்கு மட்டும் சில நிமிடங்கள்.

இருபது நிமிடம் ஆனபோது இமைகள் சரிந்தன. நாக்கு தடித்தது. வெயில் மஞ்சளாகிவிட்டது. குச்சி முறிந்தது. ரீங்காரம் தளர்வது காதில் கேட்டது. கையில் அகப்பட்டது கடிகாரம்தான். அதையே எடுத்துத் தூணில் அடித்தேன். கண்ணாடி சிதறியது. தூண் இரைந்தது. அடுத்த தூண். அடுத்தது.

திடீரென்று அவர் முன்னால் நின்றார். சட்டை வியர்வையில் ஒட்டியிருந்தது, முகமெல்லாம் புழுதி. பின்னால் மூச்சு வாங்கியபடி ஊசிப் பெட்டியோடு கம்பவுண்டர் தனகோட்டி.

“இன்னா, அதுக்குள்ள வந்துட்டீங்க?” என்று குழறினேன். “பஸ் இல்லியா?”

அவர் தரையில் உட்கார்ந்து ஓவென்று அழுதார். தனகோட்டிக்கு ஒன்றும் விளங்கவில்லை. “இன்னா சார், அஞ்சரை மணி நேரம் கழிச்சி வந்திருக்கோம், அதுக்குள்ளன்றாங்க?” என்று சொல்லிக்கொண்டே ஊசி போட்டார்.

திண்டிவனம் போகும்போது அவருக்குக் கிடைத்தது மணிலாக்கடலை மூட்டை ஏற்றிய லாரி. திரும்பும்போது யாரோ கொடுத்த சைக்கிள், இருவரும் மாறி மாறி மிதித்து. கடிகாரம் கண்ணாடி இல்லாமலே ஓடிக்கொண்டிருந்தது. இருபத்தேழு நிமிடம் ஓடியதாகக் காட்டியது.

“பாத்தியா, நான் பாத்தது நிக்காது,” என்றார் அழுகைக்கு நடுவில்.

என்னைக் கீழே இறக்குவதற்குள் இருட்டிவிட்டது. அன்று முழுக்க அவர் ஒன்றும் சாப்பிடவில்லை.

அடுத்த மழைக்காலத்தில் ஒரு தூணில் விரிசல் கண்டது. அதன்பின் தட்டினால் வெறும் கல் சத்தம்தான். அவருக்கு வருத்தமே இல்லை. “அதோட வேல முடிஞ்சிது,” என்றார். ஆனால் வயதான காலத்திலும் என்னைச் சீண்டுவார்: “நீ அரைமணி உக்காந்திருந்த. நான் அஞ்சரை மணி நேரம், நீ இருக்கியா இல்லியான்னு தெரியாம ஓடினேன். அது இன்னான்னு உனுக்குத் தெரியாது.”

இப்போது தெரியும். அவர் போய்ப் பதினான்கு மாதங்கள் ஆகின்றன.

போனவர் காத்திருப்பார் என்று எங்கள் சமயத்தில் சொல்லவில்லை. ஆனாலும் சாயங்காலம் பொழுதோடு சாப்பிட்டு எழும்போது, அந்த வளைந்த வழி நினைவில் வருகிறது. இந்த முறை உள்ளே உட்கார்ந்து தட்டுகிறவர் அவர். புழுதியும் வியர்வையுமாக நான் போய் நிற்பேன். அவர் நிமிர்ந்து பார்த்துக் கேட்பார்:

“இன்னாடி, அதுக்குள்ள வந்துட்ட?”