நாற்றுமுடியோடு கடல் கடந்தவர்கள்

1

இந்தக் கதை எனக்குக் கிடைத்தது தஞ்சாவூரில், ஒரு முனைவர் பட்ட வாய்மொழித் தேர்வில். பார்வையாளனாகக் கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தேன். "கீழ்வேளூர் வயல்களில் அன்று பச்சை..." என்று தொடங்கிப் பார்த்தேன். வேண்டாம். வயல் இருக்கட்டும், அன்று தேர்வுக்கு வந்த ஆய்வு மாணவி ஃபிளோரா வரட்டும்.

2

எகிப்தில் பார்வோனிடம் அடிமைகளாக இருந்தவர்கள் கடல் பிளந்து வழிவிடத் தப்பிப் போன பைபிள் கதை, விடுதலைப் பயணம்; அமெரிக்காவில் கறுப்பின அடிமைகள் அதைப் பாட்டாகப் பாடினார்கள். கீழ்வேளூர்ப் பக்கம் பண்ணையாட்களாக இருந்த கிறிஸ்தவர்கள் அதையே நடவு வயலில் கதையாகச் சொன்னார்கள். ஃபிளோராவின் ஆய்வு இரண்டையும் அருகருகே வைத்தது. நான்காம் இயல் முழுக்க அவள் அம்மா அமலோற்பவம் சொன்ன கதை. அதில் பார்வோன்தான் பண்ணையார். கடல் பிளந்தபோது பெண்கள் தலையில் நாற்றுமுடி.

புறத்தேர்வாளர் இராஜாங்கம் அந்த இயலை நீக்கச் சொல்லியிருந்தார். தேர்வுக்கு முந்தைய இரவு வீட்டில் அம்மாவும் அதையேதான் சொன்னாள்.

"எடுத்துடும்மா. அலுப்பு தெரியாம இருக்கச் சொன்னது. அதுக்காகப் பட்டம் போயிடக் கூடாது."

"பொய்யாம்மா சொன்னே?"



(இங்கே 'ஃபிளோரா வெடித்தாள்' என்று எழுதி அடித்துவிட்டேன். அவள் புடவைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள்.)

3

"பைபிள்ல நாத்து எங்கம்மா இருக்கு?" என்றார் இராஜாங்கம்.

"இல்லைங்க சார். அதுல புளிக்காத மாவைத் தூக்கிட்டுப் போறாங்க. மாவு தின்னா தீந்துடும். எங்க ஆளுங்க, போய்ச் சேர்ற எடத்துல நடறதுக்குத் தூக்கிட்டுப் போனாங்க."

"இனம் வேற, சாதி வேற இல்லையா?"

"வேறதான் சார். ரெண்டு பேரும் ஏன் இந்தக் கதையையே எடுத்துக்கிட்டாங்கன்னுதான் கேட்டிருக்கேன்."

"சரி. சொன்னவங்க பேரே போடலியே. நீங்களே கட்டினதில்லேன்னு எப்படி நம்பறது?"

ஃபிளோரா ஆய்வேட்டில் நான்காம் இயலைத் திறந்து வைத்துக்கொண்டாள். பேரைச் சொல்வதில்லை என்று வாக்குக் கொடுத்திருந்தாள்.

மூன்றாவது வரிசையில் நாற்காலி நகர்ந்தது.

"நாந்தாங்க சொன்னேன். அமலோற்பவம். பேரு போடாதன்னு சத்தியம் வாங்கினதும் நாந்தான். இப்பப் போட்டுக்கங்க."

4

'இராஜாங்கம் எழுந்து கைகூப்பி...' இல்லை, அது சினிமா. 'ஃபிளோராவின் கண்கள்...' அதுவும் இல்லை. அவள் பேனாவை எடுத்து, நான்காம் இயலின் தலைப்புக்குக் கீழே அம்மாவின் பெயரை முழுதாக எழுதினாள். எத்தனையோ கருத்தரங்குகளில் பேசியவள். அந்த ஒரு பெயரை எழுதியபோது வந்த பெருமிதம் அவளுக்கு வேறெங்கும் வந்ததில்லை.

தேர்வுக்குழு முடிவெடுக்க உள்ளறைக்குப் போனது.

கதவு திறந்ததும் என்ன சொன்னார்கள் என்பதை நான் எழுதப்போவதில்லை. பட்டம் கொடுங்கள், மறுங்கள், உங்கள் விருப்பம். அமலோற்பவத்தை மட்டும் உட்காரவைத்துவிடாதீர்கள். நான் பார்த்தவரை அவள் நின்றுகொண்டிருந்தாள்.