ஒரு சாண் தொய்வு

2022ஆம் ஆண்டு மார்ச் மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை காலை, கிள்ளான் பள்ளத்தாக்கு முழுவதும் படங்கள் ஓட மறந்துபோயின. தொலைக்காட்சி, கைப்பேசி, தியேட்டர், பெட்ரோல் நிலையத்து விளம்பரத் திரை எதுவும் தப்பவில்லை. குரல் சரியாகக் கேட்டது. படம் மட்டும் சாயம் போகிற துணியை வாளியில் முக்கியது போலக் கலங்கிப்போனது. அந்த வாரம் கோழி விலை கிலோவுக்கு ஐம்பது சென் ஏறியிருந்ததால் மக்கள் முதலில் அதற்குத்தான் கோபப்பட்டார்கள். பள்ளத்தாக்கின் விளிம்பில் இருக்கிற செமினியைத் தாண்டினால் எல்லாம் ஒழுங்காக ஓடியது. சனிக்கிழமைகளில் குடும்பம் குடும்பமாகக் காரில் போய், சாலையோரம் நிறுத்தி, விட்டுப்போன சீரியலைப் பார்த்துவிட்டுத் திரும்பினார்கள். ஷா ஆலமில் ஓர் அரசு அலுவலகம் நிபுணர்களை வரவழைத்தது. அவர்கள் ஏழு மாதம் ஆராய்ந்து, உலகில் எப்படியோ போகட்டும், இந்த வட்டாரத்தில் புரொஜெக்டர் இன்னும் கண்டுபிடிக்கப்படவில்லை, யாராவது புதிதாகக் கண்டுபிடித்தால்தான் உண்டு என்று அறிக்கை கொடுத்தார்கள். அதை யாரும் மறுக்கவில்லை.

கண்டுபிடித்தவள் நிலோபர். இதை இப்போதே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இதைச் சொல்லாமல் விழுங்கியவர்கள் நிறையப் பேர். கிள்ளானில் அண்ணன் ஹைதரின் துணிக்கடையில் இருபத்திரண்டு வருஷம் துணி அளந்தவள் அவள். ஹைதர் துணியை விறைக்க இழுத்துப் பிடித்து அளப்பான். வாங்கிப்போனவர் வீட்டில் அளந்தால் நாலு விரல் குறையும். நிலோபர் துணியைத் தளரவிட்டு, ஒரு சாண் தொய்வு கொடுத்து அளப்பாள். அதற்காக வாடிக்கையாளர் முன்னாலேயே அவளைத் திட்ட ஹைதர் ஒரு நாளும் தவறியதில்லை.

பிரிக்பீல்ட்ஸில் இடிபட்ட ஒரு பழைய தியேட்டரிலிருந்து, சாமான் ஏற்றிய லோரியில் ஒரு பிலிம் சுருள் கிள்ளானுக்கு வந்தது. அதில் ஒரு பஸ்ஸும் அதிலிருந்து இறங்கும் பதினொரு பேரும் இருந்தார்கள். நிலோபர் அதை வாங்கி, டார்ச் வெளிச்சத்துக்கு முன்னால் இழுத்துப் பார்த்தாள். எல்லாம் கலங்கல்தான். அவள் கைக்குத் துணி அளக்கிற பழக்கம்: இழுத்து, நிறுத்தி, மறுபடி இழுப்பது. நிறுத்திய ஒவ்வொரு முறையும் படம் தெளிந்தது. படம் ஓட வேண்டுமானால் அது நின்று நின்று போக வேண்டும் என்று அவளுக்குப் புரிந்தது. தையல் இயந்திரமும் தையலுக்குத் தையல் துணியை நிறுத்தித்தானே தள்ளுகிறது? தன்னுடைய இயந்திரத்தைப் பிரித்து, டார்ச்சையும் பூதக்கண்ணாடி ஒன்றையும் பொருத்தி, மூன்று மாதத்தில் வேலையை முடித்தாள். வெடுக்கென்று இழுபட்டு பிலிம் கிழிந்தபோது, கண்ணாடிக்கு மேலே ஒரு சாணும் கீழே ஒரு சாணும் பிலிமைத் தளரத் தொங்கவிட்டாள். கிழிவது நின்றது. கால்மிதியை மிதித்ததும் வெள்ளைத் துணியில் பஸ் வந்து நின்றது. பதினோராவதாக இறங்கியவர் துணியைவிட்டும் இறங்கி, கோமுட்டர் ரயில் ஸ்டேஷன் எந்தப் பக்கம் என்று கேட்டுக்கொண்டு போனார். இயந்திரம் ஓடியவரை அந்தத் தெருவில் எல்லாக் கைப்பேசிகளிலும் படம் ஓடியது.

மறுவாரம் ஹைதர், இயந்திரத்துக்காக அவள் போட்டுவைத்திருந்த வரைபடங்களை எடுத்துக்கொண்டு ஷா ஆலமுக்குப் போனான். விண்ணப்பத்தில் கண்டுபிடித்தவர் என்ற இடத்தில் தன் பெயரை எழுதினான். பத்திரிகையில் அவன் படம் வந்தது.

"நானா, ஃபார்ம்ல என் பேரு எங்க?" என்று நிலோபர் அண்ணனிடம் கேட்டாள்.

"பேரு நம்ம வீட்டுக்குள்ளதான இருக்கு, என்னா இப்ப? பொம்பள பேரு போட்டா மெஷின எவன் நம்புவான் லா?"

திருடுகிறவனுக்குக்கூடக் கொஞ்சம் கூச்சம் இருக்கும். இவன் பத்திரிகையைச் சட்டம் போட்டுக் கடையில் மாட்டினான், அதுவும் அவள் நின்று அளக்கிற மேசைக்கு நேர் எதிரே. நிலோபர் அன்றே இயந்திரத்தைக் காரில் ஏற்றிக்கொண்டு, பிரிக்பீல்ட்ஸில் ஓர் அறையை வாடகைக்குப் பிடித்தாள்.

வரைபடத்தைப் பார்த்து ஷா ஆலம் அலுவலகத்துப் பொறியாளர்கள் பெரிய இயந்திரம் ஒன்றைச் செய்தார்கள். திறப்புவிழாவுக்கு முதல் நாள் ஹைதர் வந்து பார்த்தான். பிலிம் இரண்டு இடத்தில் தொங்கிக்கொண்டிருந்தது. அதைப் பார்க்க அவனுக்குப் பொறுக்குமா?

"என்னா இது, இவ்ளோ தொங்குது? இழுத்துக் கட்டு!"

மறுநாள் மத்தியானம் இரண்டாயிரம் பேர் முன்னால் படம் மூன்று விநாடி ஓடிக் கிழிந்தது. ஒட்ட ஒட்டக் கிழிந்தது. பிறகு மேடைத் திரை கிழிந்தது, பதாகை கிழிந்தது, முன்வரிசைப் பிரமுகர்களின் பூப்போட்ட பாத்தேக் சட்டைகள் முதுகில் கிழிந்தன. இறுக்கிக் கட்டிய எதுவும் அந்த மண்டபத்தில் மிஞ்சவில்லை. ஹைதரின் கோட்டு தோளிலிருந்து இடுப்புவரை இரண்டானது. நல்லா வேணும் என்றுதான் எனக்குத் தோன்றியது.

அலுவலகத்திலிருந்து ஜெயராஜ் என்ற அதிகாரி நிலோபரைத் தேடி வந்தார். "அக்கா, ரெண்டு பேர் பேரும் போட்டுடலாம். செட்டில் லா."

"அவரு கண்டுபிடிச்சது எந்தப் பாதின்னு கேட்டுட்டு வாங்க," என்றாள் அவள்.

அவர் போனவர்தான். கோப்பு இன்னும் பரிசீலனையில் இருக்கிறது. ஆகவே பள்ளத்தாக்கில் நிலோபரின் தெருவில் மட்டும்தான் படம் ஓடுகிறது. செராஸிலிருந்தும் ஷா ஆலமிலிருந்தும் ஜனங்கள் கைப்பேசியோடு வந்து வரிசையில் நிற்கிறார்கள். அவள் காசு வாங்குவதில்லை. புரொஜெக்டரைக் கண்டுபிடித்தது யார் என்று ஒரு சீட்டில் எழுதிக் கொடுக்க வேண்டும், அவ்வளவுதான். எல்லாச் சீட்டையும் படித்த பிறகே மிதியில் கால் வைப்பாள்.

போன மாதம் அந்த வரிசையில் ஹைதர் நின்றான். மெல்பர்னில் இருக்கிற மகள் தஸ்லீமா, பேரன் தவழ ஆரம்பித்த வீடியோவை அனுப்பியிருந்தாள். செமினிவரை காரில் உட்கார இடுப்பு விடாததால், குழந்தையின் சிரிப்பை ஒன்பது நாளாகக் காதால் மட்டும் கேட்டுக்கொண்டிருந்தான். முறை வந்ததும், "என் தங்கச்சி" என்று எழுதி நீட்டினான். நிலோபர் படித்தாள். சீட்டைத் திருப்பிக் கொடுத்தாள்.

"தங்கச்சி வேணாம் நானா. பேர எழுதுங்க."

பின்னால் நாற்பது பேர் காத்திருந்தார்கள். ஹைதர் முதலில் எழுதியதை அடித்தான். கீழே அவள் பேரை எழுதினான். அவள் மிதித்தாள். குழந்தை தவழ்ந்து வந்தது.