இழைத்த கதவு

ஒரே மாதத்தில் தங்கை வீட்டு வாசல் கதவை மூன்று தரம் இழைத்துக் கொடுத்திருந்தான் தச்சன். கதவு இறுக்குகிறது என்றால் மரம் மழையில் ஊதியிருக்கிறது, வேறென்ன? இழைப்புளியால் நாலு இழுப்பு இழுத்தால் தீர்ந்தது. அப்படித்தான் நினைத்தான், மடையன். இன்று காலை தங்கையை உள்ளே வைத்துக்கொண்டு கதவு அசையவே மாட்டேன் என்றபோதுதான் தூக்குக்குண்டைத் தொங்கவிட்டுப் பார்த்தான். கதவில் ஒரு குற்றமும் இல்லை. அதைத் தாங்கும் நிலைச்சட்டம் இரண்டு விரற்கடை சாய்ந்திருந்தது, நிலையோடு சுவரும். பின்னால், கடைசி ஐந்து நாள் அடைமழையையும் குடித்த களிமண் மேடு வீட்டையே தள்ளிக்கொண்டிருந்தது. பின்வாசலைச் சேறு அடைத்துவிட்டது, சன்னலெல்லாம் கம்பி.

"தள்ளி நில்லும்மா, உடைக்கப் போறேன்!"

கோடாலியை ஓங்கியதும் தங்கை புருஷன் குறுக்கே பாய்ந்து காம்பைப் பிடித்தான். கல்யாணமாகிப் பத்து வருஷமாகியும் மாப்பிள்ளை முறுக்கு குறையாதவன்.

"தேக்குக் கதவு மச்சான்! உங்களுக்கு வேலை தெரியலன்னா என் கதவைப் பொளப்பீங்களா?"

"மாப்ள, மேடு நகருது. விலகுங்க."

"நான் பொறந்ததுலேர்ந்து அங்கதான் நிக்குது!"

உள்ளே ஓடுகள் பொலபொலவென்று விழுந்தன. "அண்ணா!" என்று அலறினாள் அவள்.

தச்சன் காம்பைப் பிடுங்கி, திருப்பி, அடிப்புறத்தால் மாப்பிள்ளை தாடையில் ஒன்று வைத்தான். பல் தெறித்தது. அவன் பொறி கலங்கிச் சுவரோரம் சரிந்தான். கிடக்கட்டும் சனியன் என்று நினைத்தான் தச்சன். அப்படி நினைத்ததில் ஒரு சுகம்கூட இருந்தது, அதையும் சொல்லத்தான் வேண்டும்.

ஏழெட்டு வெட்டில் பலகை பிளந்தது. ஓட்டை வழியே தங்கையின் கையைப் பிடித்து இழுத்தான். பிளந்த மரச் சிம்புகள் அவளைத் தோளிலிருந்து முழங்கை வரை கிழித்தன. மேலே மண் வாய் பிளந்தது. அவளைத் தரதரவென்று இழுத்துக்கொண்டு பக்கத்துப் பாறைமேல் ஏறித் திரும்பினான். மேடு கூழாகப் புரண்டு வந்து, சுவரை மடித்து, கூரையை விழுங்கி, முற்றத்தையும் மூடிவிட்டு நின்றது.

"அவரு எங்கண்ணா? வெளியதானே நின்னாரு?"

தச்சன் சுவர் இருந்த இடத்தைப் பார்த்தான்.

"ஓடிட்டாரும்மா. ரோட்டுப் பக்கம்."

அவள் நம்பினாள். ரத்தம் ஒழுகும் கையைத் தாங்கிக்கொண்டு, "என்னங்க... என்னங்க..." என்று கூப்பிட்டபடி இறங்கினாள். தச்சன் அந்தச் சுவரோரம் எந்த இடமாக இருந்திருக்கும் என்று கண்ணால் அளந்து, களிமண்ணில் இரண்டு கைகளையும் விட்டான். அள்ளிய குழி அள்ள அள்ள மூடிக்கொண்டது. அவள் குரல் தூரமாகப் போய், ரோட்டில் கொஞ்சநேரம் அலைந்து, பிறகு திரும்பி வர ஆரம்பித்தது.