பழுப்புப் பக்கத்தில் ஒரு சதுரம்

1993 செப்டம்பர் 6, திங்கட்கிழமை. திருப்பூரை அடுத்த முதலிபாளையம் தொழிற்பேட்டையில் இருந்த ஒரு பனியன் ஏற்றுமதிக் கம்பெனிக்கு, நியூசிலாந்தின் ஆக்லாந்து நகரிலிருந்து கூரியரில் நான்கு புத்தகங்கள் வந்து சேர்ந்தன.

கையெழுத்துப் போட்டு வாங்கியவள் சாரதாமணி. வயது இருபத்தாறு. சாமளாபுரத்திலிருந்து தினமும் இரண்டு பஸ் மாறி வருகிறவள். வெளிநாட்டுக் கடிதங்களை வாசித்து முதலாளிக்குப் பொருள் சொல்லவும், பதில் டைப் அடிக்கவும் அந்தக் கம்பெனியில் இருந்த ஒரே ஆள்.

புத்தகங்களை அனுப்பியவள் பெயர் சேலா. டோங்காத் தீவுகளில் பிறந்து ஆக்லாந்தில் குடியேறியவள். அங்கே பிறக்கும் டோங்காக் குழந்தைகள் வீட்டு மொழியை மறந்துபோகிறார்கள் என்று, தேவாலயத்துப் பெண்கள் சிலரோடு சேர்ந்து ஒரு மழலையர் பள்ளி நடத்திவந்தாள். அங்குள்ள டோங்காக் குடும்பங்களுக்கு விற்க அவள் கேட்டது குழந்தைகள் அளவில் நாலாயிரத்து எண்ணூறு டீ-ஷர்ட். சிவப்பு, நீலம், பச்சை, பழுப்பு என்று நான்கு நிறங்கள். சிவப்புச் சட்டையின் நெஞ்சில் சிவப்புக்கான டோங்காச் சொல் ‘குலோகுலா’ இருக்க வேண்டும், பழுப்பில் ‘மெலோமெலோ’. எழுத்துக்கு முதல் புத்தகம், அது சொற்பட்டியல். சட்டையின் கீழ்விளிம்பில் வரும் கோலத்துக்கு இரண்டாவது, மரப்பட்டைத் துணியில் வரையும் கலை பற்றியது. மூன்றாவது அங்கத்திய பழக்கவழக்கங்கள். பிரிண்டிங்கில் எதையும் தப்பாகப் போட்டுவிடக் கூடாது என்பதற்காக.

நான்காவது அச்சடித்த புத்தகமல்ல. தடித்த தாள்களைக் கையால் தைத்தது. பக்கத்துக்கு ஒரு நிறம், அடியில் கையெழுத்தில் அதன் பெயர். ‘நிறங்கள் இதைப் பார்த்துத்தான் வர வேண்டும். போட்டோவில் நிறம் மாறிவிடுகிறது, அதனால் புத்தகத்தையே அனுப்புகிறேன். இது ஒரே பிரதி. வந்தபடியே திரும்பத் தருவதாக எழுதித் தரவும்’ என்று கடிதம் சொன்னது. சாரதாமணி எழுதி, கையெழுத்துப் போட்டு, ஃபேக்ஸ் அனுப்பினாள்.

முதலாளி பெருமாள்சாமி தோட்டங்காட்டை விட்டுத் தொழிலுக்கு வந்து ஆறு வருஷம் ஆகியிருந்தது. புத்தகங்களை ஒவ்வொன்றாகத் தூக்கிப் பார்த்தார்.

“இந்த ஊரு எங்கிருக்குது கண்ணு?”

“பசிபிக் கடல்லீங்க சார். தீவெல்லாம் சேத்தாலும் நம்ம தாலூக்கா அளவுதான் வருமாட்ட இருக்குதுங்க.”

“அத்தினூண்டு ஊருக்குத் தனியா ஒரு பாஷையா?”

“பொஸ்தகமே போட்டிருக்கறாங்களே சார்.”

அவர் நான்கையும் பையில் போட்டுக்கொண்டு சாயப்பட்டறைக்குக் கிளம்பினார். “பத்திரமுங்க சார், ஒண்ணே ஒண்ணுதானாமா” என்றாள். வெட்ட வேண்டாம் என்று அவள் சொல்லவில்லை.

சொல்லியிருக்க வேண்டும் என்பது பிறகுதான் உறைத்தது. நிறத்துக்காக எது வந்தாலும் திருப்பூரில் அதை வெட்டுவார்கள். துணித் துண்டோ, ரிப்பனோ, நூலோ, பாதியைக் கோப்பில் வைத்து, மறுபாதியைச் சாயத் தொட்டிக்குப் போகும் அட்டையில் பின் அடிப்பார்கள். அட்டையில் துண்டு இல்லாமல் எந்தச் சாய மாஸ்டரும் துணியைத் தொட்டியில் ஏற்ற மாட்டான். அப்படி வெட்டிய பாதிகள் மூன்று வருஷமாகச் சேர்ந்து சாரதாமணியின் மேசை இழுப்பறை நிறையக் கிடந்தன.

அக்டோபர் 11-ஆம் தேதி ஒரு ஃபேக்ஸ் வந்தது. சேலா 20-ஆம் தேதி நேரில் வருகிறாள். முதல் துணியைப் பார்ப்பாள். புத்தகங்களைக் கையோடு எடுத்துப்போவாள். கடைசி வரியை சாரதாமணி இரண்டு முறை வாசித்தாள். ‘முக்கியமாகப் பழுப்புப் பக்கம். மற்றவை நான் தீட்டியவை. அது மார்ச்சில் இறந்துபோன என் அம்மா, ஊரில் மரப்பட்டை இடித்து எடுத்த சாயத்தால் தீட்டியது.’

மதியச் சாப்பாட்டைத் தொடாமல் சாயப்பட்டறைக்குப் போனாள். மாஸ்டர் லிங்கசாமி புத்தகங்களை பாலிதீனில் சுற்றி, அலமாரியின் மேல்தட்டில் தண்ணீர் படாமல் வைத்திருந்தார்.

“பிரிண்டிங்குல பாத்துட்டுக் குடுத்த மூணு பொஸ்தகத்தையும் நாங்க தொறக்கவே இல்லீங்க அம்மிணி. இந்தா, இதுதான் ஷேடு பொஸ்தகம்.”

சாரதாமணி பிரித்தாள். சிவப்புப் பக்கத்தின் நடுவில் இரண்டங்குலச் சதுரம் இல்லை. ஓட்டை வழியே அடுத்த பக்கத்தின் நீலம் தெரிய வேண்டும், அங்கேயும் ஓட்டை. நான்கு பக்கமும் அப்படியே. அடியில் கையெழுத்துச் சொற்கள் மட்டும் முழுசாக இருந்தன.

“ஏனுங்கண்ணா, வெட்டிட்டீங்களா?”

“ஷேடு வந்தா வெட்டாம? சாயத்தொட்டிக்கிட்ட நின்னுக்கிட்டு ஏடு பொரட்டச் சொல்றீங்களா?” பக்கத்தில் துணி பிழிந்துகொண்டிருந்த இருவர் சிரித்தார்கள். லிங்கசாமி அவள் முகத்தைப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். “வெட்டக்கூடாதுன்னு யாரும் சொல்லலீங்களே.”

“நாந்தான் சொல்லியிருக்கோணும். சொல்லலீங்க.”

ஆணியில் குத்தி மாட்டியிருந்த அட்டைக்கட்டை இறக்கி இருவரும் தேடினார்கள். சிவப்பும் நீலமும் பின் ஓட்டைகளோடு முழுசாகக் கிடைத்தன. பச்சையின் ஒரு மூலையில் சாயத்தில் போடும் சோடாவின் கறை. பழுப்பு மட்டும் பாதிதான் இருந்தது. பழுப்புத் துணி இரண்டு தடவையாகத் தொட்டிக்குப் போனதால், சதுரத்தை மறுபடி இரண்டாக வெட்டி இரண்டு அட்டைகளில் அடித்திருந்தார்கள்.

“இன்னொரு பாதி?”

“தொட்டிக்குள்ள உளுந்து கூழாப் போச்சுங்க அம்மிணி. காயிதம்தானுங்களே.”

விஷயத்தைக் கேட்ட பெருமாள்சாமி மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். அதை வேட்டி நுனியால் துடைத்துக்கொண்டே சொன்னார்.

“கூரியர்ல தொலஞ்சு போச்சுன்னு எழுதிப்போடு.”

“நாலும் வந்துச்சுன்னு அன்னிக்கே ஃபேக்ஸ் போட்டிருக்கறங்க சார்.”

“காதர்பேட்டைல கடை போர்டு எழுதறவன் ஒருத்தன் இருக்கறான். அச்சடிச்சாப்பல வரைவான். அவங்கிட்டக் குடுத்து அந்தப் பாதியப் பூசச் சொல்லு.”

“பெயிண்டு வெச்சா வெயில்ல காட்டிக் குடுத்துருமுங்க,” என்றார் கூட வந்திருந்த லிங்கசாமி.

“நீ பேசாதய்யா.” பெருமாள்சாமி கண்ணாடியை மாட்டிக்கொண்டார். “அந்தம்மா கோவத்துல ஆர்டரக் கேன்சல் பண்ணுச்சுன்னா அத்தன பீசையும் என்ன பண்றது? நெஞ்சுல டோங்கா எழுத்து. சந்தையில கூறுபோட்டாலும் ஒருத்தன் வாங்குவானா?” பிறகு சாரதாமணியைப் பார்த்து, “கையெழுத்து உன்னுது கண்ணு. அத நெனப்புல வெச்சுக்க” என்றார். சத்தமாகச் சொல்லவில்லை. சத்தம் போட்டிருந்தால் அவளுக்குக் கொஞ்சம் லேசாக இருந்திருக்கும்.

ஒன்பது நாள் இருந்தது. தறி நூலுக்குக் கஞ்சி போடும் சைசிங் பட்டறையில் வேலை பார்த்த அப்பா கருப்புசாமிக்கு ஆறு மாதமாக மூச்சிரைப்பு; வாரத்தில் மூன்று நாள்தான் வேலைக்குப் போனார். வீடு ஓடியது சாரதாமணியின் சம்பளத்தில். பஸ்ஸில் நின்றபடியே அவள் சேலாவிடம் சொல்ல வேண்டிய வாக்கியத்தை இங்கிலீஷில் கட்டிப் பார்த்தாள். ‘தவறு நடந்துவிட்டது’ என்று ஒரு நாள். ‘எங்கள் தொழிலாளர்கள் அறியாமல்’ என்று மறுநாள். இரண்டாவது வாக்கியத்தை லிங்கசாமியின் முகம் நினைவுக்கு வந்ததும் விட்டுவிட்டாள்.

மீதி மூன்று புத்தகங்களையும் வீட்டுக்கு எடுத்துப்போய் வாசித்தாள். எதற்கு என்று அவளுக்கே தெரியவில்லை. வரப்போகிறவளிடம் பேசும்போது வேறு எதையும் தப்பாகச் சொல்லிவிடக் கூடாதே என்ற பயம்தான். ‘லானு’ என்றால் நிறம், ‘மோஆனா’ என்றால் ஆழ்கடல், இரண்டும் சேர்ந்தால் நீலம். நெருங்கியவர் இறந்தால் பல மாதம், ஒரு வருஷம்கூடக் கறுப்பு உடுத்துவார்கள். கலைப் புத்தகத்தில் ஒரு படம்: பெண்கள் வரிசையாக உட்கார்ந்து மரப்பட்டையைக் கட்டையால் அடித்து விரிக்கிறார்கள். அடிக்கும்போது பட்டை கிழியும், ஓட்டை விழும். ஓட்டை விழுந்ததைத் தூக்கி எறிவதில்லை. சின்னப் பட்டைத் துண்டை வைத்துக் கிழங்கு மாவுப் பசையால் ஒட்டிவிடுவார்கள். அந்தப் பசையால்தான் தாள் தாளாகச் சேர்த்துப் பந்தல் நீளத்துக்குத் துணி செய்கிறார்கள்.

“ஏனுங்கப்பா, சைசிங்ல கிழங்கு மாவு இருக்குமுங்களா?”

“மரவள்ளி மாவுதான மூட்டை மூட்டையாக் கெடக்குது. எதுக்கு சாமி?”

“காயிதம் ஒட்டோணும்.”

“கடைல கோந்து கெடைக்காதா?”

“கோந்து வேண்டாமுங்க.”

ஞாயிற்றுக்கிழமை காலை கருப்புசாமி மாவைக் காய்ச்சி, கட்டி தட்டாமல் வடித்துக் கொடுத்தார். பக்கங்களின் பின்புறம் மெல்லிய தாளை வைத்து, சதுரங்களை அதனதன் இடத்தில் சாரதாமணி ஒட்டினாள். சிவப்பு, நீலம், கறையோடு பச்சை. பழுப்பில் பாதி. மீதிப் பாதியை மூடவில்லை. வெறும் வெள்ளைத் தாளை அங்கே வைத்துப் பார்த்தாள்; அது பொய் மாதிரி இருந்தது. கத்தரித்து எடுத்துவிட்டாள்.

20-ஆம் தேதி காலை பத்தரைக்கு சேலா வந்தாள். ஐம்பது வயது, நல்ல உயரம். கழுத்திலிருந்து கணுக்கால் வரை கறுப்பு. காரிலிருந்து இறங்கும்போதே அந்தக் கறுப்பைப் பார்த்த சாரதாமணி, புத்தகத்தை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டாள். பெருமாள்சாமி இளநீர் கொடுத்து, சட்டைகளை மேசையில் அடுக்கச் சொன்னார். முதலில் துணியைக் காட்டு, அவள் மனசு குளிரட்டும், புத்தகத்தைக் கடைசியில் காட்டு என்பது அவர் உத்தரவு.

சேலா இளநீரைக் கீழே வைப்பதற்குள் சாரதாமணி புத்தகத்தைப் பழுப்புப் பக்கத்தில் விரித்து அவள் முன்னால் வைத்தாள்.

“நாங்கள் வெட்டிவிட்டோம். இங்கே எந்த நிறம் வந்தாலும் வெட்டுவோம். வெட்டக் கூடாது என்று நான் சொல்லாமல் விட்டேன். கிடைத்ததை ஒட்டியிருக்கிறேன். இந்தப் பாதி கிடைக்கவில்லை.”

பெருமாள்சாமிக்கு இங்கிலீஷ் அவ்வளவாக வராது. ஆனாலும் என்ன நடக்கிறதென்று புரிந்து வாசலைப் பார்த்துக்கொண்டு நின்றார். சேலா ஒட்டிய விளிம்பில் விரலை ஓட்டினாள். பக்கத்தைத் தூக்கி மூக்கருகே கொண்டுபோனாள்.

“எதால் ஒட்டினாய்?”

“மரவள்ளிக் கிழங்கு மாவு. உங்கள் புத்தகத்தில் இருந்தது.”

சேலா புத்தகத்தை எடுத்துக்கொண்டு எழுந்தாள். “பழுப்புத் துணியைக் கொடு” என்றாள்.

வாசலுக்குப் போய் வெயிலில் நின்றாள். புத்தகத்தின் அடியில் துணியை வைத்து, பாதி ஓட்டை வழியே துணியின் நிறம் அம்மாவின் நிறத்துக்குப் பக்கத்தில் தெரியும்படி பிடித்தாள். நெடுநேரம் பார்த்தாள். இரண்டாம் தடவை சாயமேறிய துணியையும் வாங்கி வைத்தாள்.

“முதலாவது சரி. இரண்டாவதில் சிவப்பு தூக்கல். இது என் அம்மாவின் நிறமில்லை.”

லிங்கசாமியைக் கூப்பிட்டார்கள். அவர் ஓட்டை வழியே ஒரு கண்ணை மூடிக்கொண்டு பார்த்தார். பெருமாள்சாமி அவரையே முறைத்தார்.

“செவப்பு தூக்கலாத்தானுங்க இருக்குது,” என்றார் லிங்கசாமி. “துண்டு கூழாப் போனதுக்கப்புறம் கண்ணு நெதானத்துல அடிச்சதுங்க. கையில துண்டு இருந்தா வராம எங்க போகுது?”

சாரதாமணி அதை அப்படியே மொழிபெயர்த்தாள். பழுப்பில் பாதி நிராகரிக்கப்பட்டது. சிவப்பும் நீலமும் பச்சையும் தேறின. புத்தகத்தைப் பத்து நாள் விட்டுப்போக முடியுமா என்று கேட்கும்படி முதலாளி சாரதாமணியின் காதருகே சொன்னார். அவள் கேட்டாள். சேலா இல்லை என்றாள். பிறகு, கத்தரி வேண்டும் என்றாள்.

கட்டிங் மேசையிலிருந்து ஒரு கத்தரி வந்தது. சேலா பழுப்புப் பக்கத்தின் ஓரத்தில் விரலகலத்துக்கு ஒரு பட்டை வெட்டி லிங்கசாமியிடம் கொடுத்தாள். அவர் இரண்டு கையாலும் வாங்கி, சட்டைப் பையில் போடப் போனவர், வியர்வை படும் என்று பாலிதீன் கேட்டார்.

சிவந்துபோன துணி கறுப்புச் சாயம் ஏற்றி உள்ளூரில் விற்கப்பட்டது. புதுத் துணியில் பழுப்பு மூன்றாவது முறை சரியாக வந்தது. அந்தப் பட்டையை லிங்கசாமி அட்டையில் பின் அடிக்கவில்லை. ஒவ்வொரு முறையும் கையில் பிடித்தே பார்த்தார். நவம்பர் 10-ஆம் தேதி, தீபாவளிக்கு மூன்று நாள் முன்பு, சரக்கு தூத்துக்குடிக்குப் போனது. பட்டையை சாரதாமணி பதிவுத் தபாலில் திருப்பி அனுப்பினாள். கிடைத்தது என்று ஒரு வரி ஃபேக்ஸ் வந்தது.

அடுத்த ஆண்டு சேலாவிடமிருந்து ஐயாயிரம் சட்டைக்கு ஆர்டர் வந்தது. கூரியரைச் சாரதாமணிதான் கையெழுத்துப் போட்டு வாங்கினாள். நிறங்கள் இந்த முறை அட்டையில் சுற்றிய நூலாக வந்திருந்தன, ஒவ்வொன்றும் இரண்டு அட்டை. புத்தகம் எதுவும் இல்லை.